இலோனா எழுதாத வயலின்கள்

செய்தி பழனியிடமிருந்து வந்தது. காலையில் ஸ்டுடியோவைத் திறந்து, நகைக்கடை விளம்பரத்துக்குக் குரல் கொடுக்க வந்திருந்த பெண்ணுக்கு ஹெட்போனை மாட்டிக்கொண்டிருந்தேன். பழனி ஆட்டோ ஓட்டுபவர், கொள்ளேகால் பக்கத்துக்காரர். இலோனா எங்கே போவதென்றாலும் அவர் வண்டியில்தான் போவார். "அக்கா, மேடம் கதவத் தொறக்கலீங்க. ஹவுஸ் ஓனர்கிட்ட சாவி வாங்கி உள்ள போனேனுங்க. கட்டில்ல படுத்த மேனிக்கே இருக்காங்க. தூங்கற மாதிரித்தான் இருக்குது. ஆனா தூங்கலீங்கக்கா" என்றார். வருகிறேன் என்று சொல்லிவிட்டு, அந்தப் பெண்ணின் தலையிலிருந்து ஹெட்போனைக் கழற்றினேன். அவள் என்னவென்று கேட்டாள். செருப்பை மாட்டிக்கொண்டு படியிறங்கினேன்.

சாயங்காலத்துக்குள் ஒரு கன்னட சேனலில் அவர் படம் வந்துவிட்டது. கீழே ஓடிய வரியில் 'யோகாவைத் தேடி மைசூருக்கு வந்த வெளிநாட்டுப் பெண்மணி' என்று போட்டிருந்தார்கள். மறுநாள் பத்திரிகையிலும் அதே கதை. அப்போது ஏறிய கோபம் எனக்கு இன்னும் இறங்கவில்லை. இதை எழுதி முடிக்கும்போதும் இறங்கியிருக்காது, முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். இலோனா தன் ஆயுளில் ஒரு ஆசனம் போட்டதில்லை. முழங்கால் வலிக்காரர். தரையில் உட்கார்ந்தால் எழுப்பிவிட ஆள் வேண்டும். ஆனால் வெள்ளைத்தோலோடு மைசூரில் யார் நடந்துபோனாலும் கையில் ஒரு பாயைச் சுருட்டிக் கொடுத்துவிடுவது நம் ஊர்ப் பழக்கம். மருந்துக்கடையில், வங்கியில், தேவராஜா மார்க்கெட்டில் வெங்காயம் வாங்கும் இடத்தில்கூட, "யோகாவா மேடம்?" என்று கேட்பார்கள். "இல்லீங்க, சத்தம்" என்பார் அவர். கேட்டவர்கள் ஒன்றும் புரியாமல் சிரிப்பார்கள்.

அவரை அறிந்தவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். அறியாதவர்கள் யாராவது படித்தால் அவர்களுக்காகக் கொஞ்சம். இலோனா ஹங்கேரிக்காரர். புடாபெஸ்டில் பிறந்து, பியானோ படித்து, சின்ன வயதிலேயே அங்கே பொம்மைப் படங்களுக்கு இசை எழுத ஆரம்பித்தார். பிறகு பெரிய படங்கள், விருதுகள், செய்தித்தாளில் புகைப்படங்கள். அவர்கள் ஊரிலும் குடும்பப் பெயரை முன்னால் போட்டுத்தான் சொந்தப் பெயரைச் சொல்வார்களாம். என் பெயருக்கு முன்னால் நிற்கும் இனிஷியலைப் பார்த்து, "உங்களுக்கும் அப்பா முன்னாடியா? அப்போ நாம ஒரே கட்சி" என்று என் முதுகில் தட்டினார். அன்றிலிருந்து பழக்கம். அன்று பேசியது ஆங்கிலத்தில்; தமிழ் பிறகு என்னிடமும் பழனியிடமும் கேட்டுக் கேட்டு அவருக்கு வந்தது.

பெரிய படங்களை அவர் விட்டதற்கு ஒரு கதை உண்டு. ஒரு படத்தில் கிழவி ஒருத்தி டிராம் நிறுத்தத்தில் மகனுக்காகக் காத்திருக்கிறாள், மகன் வரவில்லை. அந்த இடத்துக்கு இலோனா இசை எழுதவில்லை. டிராம் வந்து, நின்று, கதவு மூடி, போய்விடுகிற சத்தத்தை மட்டும் வைத்தார். இயக்குநர் எல்லோர் முன்னாலும், "எனக்கு ஜனங்கள் அழவேண்டும், செல்லோ வேண்டும்" என்று கத்தினாராம். இலோனா அதுவரை எழுதியிருந்த இசைத்தாள்களையெல்லாம் பையில் திணித்துக்கொண்டு, டிராம் ஏறி வீட்டுக்குப் போய்விட்டார். "இசை போட்டு அழ வைக்கிறது வெங்காயம் வெட்டி அழ வைக்கிற மாதிரி, ரெஜினா. கண்ணீர் நெறைய வரும். துக்கம் வராது." இதை என்னிடம் சொன்னபோது நிஜமாகவே வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தார். இரண்டு பேருக்கும் கண்ணில் தண்ணீர்.

அதற்குப் பிறகு சத்தங்களை வைத்தே வேலை செய்யத் தொடங்கினார். தான் குடியிருந்த பழைய அடுக்குமாடிக் கட்டடத்தின் மாடிப்படிச் சத்தங்களை வருஷக்கணக்கில் பதிவு செய்து, ஒரு கலைக்கூடத்தின் காலியான அறையில் சின்னச் சின்ன ஸ்பீக்கர்களில் ஓடவிட்டார். லிஃப்ட், சாவிக்கொத்து, இருமல், யாரோ கதவை அறைந்து சாத்துவது. குடியிருந்தவர்கள் எல்லோரும் பார்க்க வந்தார்களாம். வந்தவர்கள், "அது உன் கதவு, நீதான் தினம் அப்படி அறைவாய்" என்று அங்கேயே சண்டை போட்டுக்கொண்டார்களாம். பத்திரிகைகள் என்னென்னவோ எழுதின. தனக்குக் கிடைத்த ஒரே நல்ல விமர்சனம் அந்தச் சண்டைதான் என்று சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்.

மைசூருக்கு அவர் வந்தது ஒரு கூட்டுத் தயாரிப்புப் படத்துக்காக. பட்டு நெசவைப் பற்றிய படம். எங்கள் ஸ்டுடியோ சரஸ்வதிபுரத்தில் ஒரு பேக்கரிக்கு மேலே இருக்கிறது. நானும் என் கணவர் சேவியரும் நடத்தினோம். விளம்பரம், பக்திப் பாட்டு, கல்யாண வீடியோவுக்குப் பின்னணி என்று எது வந்தாலும் செய்வோம். முதல் நாளே சேவியருக்கும் அவருக்கும் முட்டிக்கொண்டது. சேவியர் வழக்கம்போல் பதிவு தொடங்குமுன் ஃபேனை நிறுத்தினார். இலோனா போட்டார். சேவியர் நிறுத்தினார். இலோனா மறுபடி போட்டார். "ஏன் ரெஜினா, இந்தம்மாவுக்குக் கொஞ்சம் சொல்லேன். ஃபேன் சத்தத்த ஒழிக்கத்தான் நான் இத்தன வருஷமா பொழப்பு நடத்துறேன். இவங்க அதத்தான் ரெக்கார்ட் பண்ணணுங்கறாங்க. தேவரே, தலையே ஓடல" என்று கன்னடமும் தமிழுமாகப் புலம்பினார். ஒரு வாரத்துக்குள் இரண்டு பேரும் ஒரே காபி டம்ளரை ஆஷ்ட்ரேயாக வைத்துக்கொண்டு மொட்டை மாடியில் உட்கார்ந்திருந்தார்கள். படம் முடிந்து குழு ஊருக்குப் போனது. இலோனா போகவில்லை. யாதவகிரியில் ரயில் சத்தம் கேட்கிற வீடாகப் பார்த்து வாடகைக்கு எடுத்தார். ரயில் சத்தத்துக்காகவே ஒருவர் அந்த வீட்டைப் பிடித்தார் என்பதை வீட்டுக்காரர் இன்றுவரை நம்பவில்லை.

இங்கே ரூம் டோன் பற்றி ஒரு வார்த்தை சொல்லவேண்டும், இல்லாவிட்டால் பின்னால் நான் கத்துவது எதற்கென்று விளங்காது. படப்பிடிப்பு நடந்த ஒவ்வோர் இடத்திலும், மூட்டை கட்டுமுன், எல்லோரும் நின்ற இடத்தில் அப்படியே ஆடாமல் அசையாமல் நிற்க, அந்த இடத்தின் வெறும் சத்தத்தை மட்டும் ஒரு நிமிடம் பதிவு செய்வார்கள். வசனங்களுக்கு அடியில் அதை விரித்துப் போட்டால்தான் வெட்டு தெரியாது. எங்கள் தொழிலில் அது ஒரு சடங்கு. எல்லோருக்கும் பசி, எப்போது முடியும் என்று நிற்பார்கள். இலோனாவுக்கு மட்டும் அதுதான் படம், மற்றதெல்லாம் அதற்கு முன்னுரை.

அந்தப் பட்டுப் படத்துக்காகக் கொள்ளேகாலில் ஒரு நெசவுக் கூடத்துக்குப் போனோம். தறிச் சத்தத்தைப் பதிவு செய்ய வந்திருக்கிறார்கள் என்று உரிமையாளர் எல்லாத் தறிகளையும் ஒரே நேரத்தில் ஓடவிட்டார். இலோனா கொஞ்ச நேரம் கேட்டுவிட்டு எல்லாவற்றையும் நிறுத்தச் சொன்னார். "தறி நின்னதுக்கப்புறம் இங்க என்னங்கம்மா இருக்குது கேக்கறதுக்கு?" என்று கேட்டார் அவர், மனசு புண்பட்டவராக. "தறி ஓடறது எல்லா ஊர்லயும் கேட்கும். இந்தத் தறி நின்னது இங்க மட்டும்தான் கேட்கும்" என்றார் இலோனா. பழனி எல்லோரிடமும், "ஆரும் அசையக் கூடாதுங்க, சத்தம் வரக் கூடாதுங்க" என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். நம் ஜனங்கள் வாக்குத் தவறாதவர்கள். சத்தம் வரக் கூடாது என்றால் மூச்சும் வரக் கூடாது என்று எடுத்துக்கொண்டு, அத்தனை பேரும் நெஞ்சை நிமிர்த்தி மூச்சைப் பிடித்துக்கொண்டார்கள். ஒரு பெரியவர் முகம் பீட்ரூட்டாகச் சிவந்துவிட்டது. பதிவு முடிந்ததும் இலோனா பதறிப்போய் இரண்டு கையையும் தூக்கி, "மூச்சு விடுங்க! எல்லாரும் மூச்சு விடுங்க!" என்று கத்தினார். கூடம் முழுக்க ஒரு பெருமூச்சு எழுந்தது, அதற்குப் பின்னால் சிரிப்பு. அதையும் பதிவு செய்யாமல் போனோமே என்று திரும்பி வரும் வழியெல்லாம் தன்னையே திட்டிக்கொண்டார். அன்றிலிருந்து ஒவ்வொரு ரூம் டோன் முடிவிலும் அவர் சொல்வது அதுதான். அவரோடு வேலை செய்த யாரைக் கேட்டாலும் முதலில் அதைத்தான் சொல்வார்கள்.

செத்தவர்களைத் திட்டக் கூடாது என்பார்கள். நான் திட்டுவேன். இந்த மனுஷிக்கு அவ்வளவு திமிர். தெருவில் கல்யாண ஊர்வலம் போனால் பேண்ட்காரரை நிறுத்தி, டிரம்பெட் ஸ்ருதி விலகியிருக்கிறது என்று சொல்லிவிட்டு வருவார். என் தங்கை மகள் பாடிய கிறிஸ்துமஸ் பாட்டைக் கேட்டு, "இந்தக் குழந்தை நல்லா ஓடுது, ஓடட்டும், பாட வேண்டாம்" என்றார். இதெல்லாம் பரவாயில்லை, பழகிவிட்டது. உடம்புக்கு வந்ததை மறைத்தாரே, அதை நான் மன்னிக்கப் போவதில்லை. நஞ்சன்கூடு பக்கம் ஏதோ பதிவு செய்யப் போகிறேன் என்று சொல்லிவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறார். பழனிக்குத் தெரியும். பழனியிடம் சத்தியம் வாங்கியிருக்கிறார். "சொன்னா வண்டில ஏறவே மாட்டேன்னுட்டாங்கக்கா, நா என்ன பண்றதுங்க?" என்று பழனி அழுகிறார். உங்கள் இருவரையும் என்ன செய்யலாம் சொல்லுங்கள். ஒரு கஞ்சி வைத்துத் தர விட்டாரா? பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்காரத்தான் விட்டாரா? யாருக்கு நல்லது செய்ததாக நினைத்துக்கொண்டு போனார்?

சேவியர் இறந்தபோது இலோனா செய்ததைச் சொல்லாமல் இந்தக் கோபத்தின் வேர் புரியாது. திடீர் மாரடைப்பு. அடக்கம் முடிந்து, என்.ஆர். மொஹல்லாவில் எங்கள் வீட்டுக் கூடம் முழுக்க ஆட்கள். வந்தவர்கள் எல்லோரும் ஏதாவது சொல்லிக்கொண்டே இருந்தார்கள். கர்த்தர் கொடுத்தார், கர்த்தர் எடுத்தார். தைரியமாக இரு. அவர் கஷ்டப்படாமல் போனார். எனக்குக் காதைப் பொத்திக்கொள்ளத் தோன்றியது. இலோனா வந்தார், ஒரு வார்த்தை பேசவில்லை, என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். அந்த முழங்காலோடு. தினமும் வந்தார். தினமும் பழனிதான் கைகொடுத்து எழுப்பிக் கூட்டிப்போவார். சொந்தக்காரர்கள் எல்லோரும் ஊருக்குக் கிளம்பிப் போன பிறகு ஒரு மத்தியானம், நாங்கள் இரண்டு பேர் மட்டும் இருந்தோம். மேலே ஃபேன் சுற்றிக்கொண்டிருந்தது. அந்த ஃபேன் ஒவ்வொரு சுற்றுக்கும் 'டக்' என்று ஒரு சத்தம் போடும். ஊருக்கெல்லாம் சத்தத்தைச் சுத்தம் செய்து கொடுத்த மனுஷன், சொந்த வீட்டு ஃபேனை மட்டும் 'ஞாயித்துக்கிழமை பாத்துக்கலாம்' என்று சொல்லியே போய்ச் சேர்ந்துவிட்டார். இலோனா மேலே பார்த்தார். என்னைப் பார்த்தார். "இதை எடுத்துக்கட்டுமா?" என்று கேட்டார்.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. இழவு வீட்டில் வந்து வேலையைப் பார்க்கிறாயா என்று கேட்டுவிட்டேன். "ஆமாம். எனக்கு இந்த வேலை மட்டும்தான் தெரியும். உனக்காகவும்தான் கேட்கிறேன். ஒரு நாள் யாராவது வந்து இதை ரிப்பேர் செஞ்சிடுவாங்க" என்றார். நானும் மேலே அந்த ஃபேனைப் பார்த்தேன். பிறகு எடுத்துக்கொள் என்றேன். மைக்கைக் கூடத்தின் நடுவில் வைத்தார். ஃபேன், அதன் 'டக்', சமையலறையில் சொட்டும் குழாய், தெருவில் யாரோ மாட்டை விரட்டுவது. சேவியர் இல்லாத வீட்டின் சத்தம் என்னவென்று அன்றுதான் முதன்முதலாகக் கேட்டேன். வந்தவர்கள் சொன்ன ஆறுதல் எதுவும் எனக்குச் செய்யாததை அந்த நிமிடம் செய்தது. அது முடிந்த பிறகுதான் நான் வாய்விட்டு அழுதேன்.

இப்போது இன்னோர் இயக்குநருக்கு வருகிறேன், இலோனா கடைசியாக வேலை செய்த படத்தின் இயக்குநர். பெயரைச் சொல்ல மாட்டேன், சொன்னால் அதுவும் அவருக்கு விளம்பரம். மகனைப் பறிகொடுத்த ஒரு தாயைப் பற்றிய படம். பெங்களூர்க்காரர், மைசூரில் எடுத்தார், இலோனாவைத் தேடி வந்து காலில் விழாத குறையாகக் கெஞ்சி ஒப்புக்கொள்ள வைத்தார். கடைசிக் காட்சியில் அந்தத் தாய் கூடத்தில் தனியாக உட்கார்ந்திருக்கிறாள், மேலே ஃபேன் சுற்றுகிறது, அவ்வளவுதான். அந்தக் காட்சிக்காக இலோனா என்னிடம் வந்தார். "உன் வீட்டைக் கேட்டேன், கொடுத்தாய். இப்போ வேற ஒருத்திக்குக் கொடுக்கட்டுமா?" என்றார். படத்தில் வரும் பெண்ணை அவர் வேற ஒருத்தி என்றுதான் சொல்வார், கதாபாத்திரம் என்று சொல்ல மாட்டார். நான் சரி என்றேன். இசையே இல்லாமல், எங்கள் வீட்டுக் கூடத்தின் சத்தத்தை மட்டும் வைத்து அந்தக் காட்சியை முடித்தார். எங்கள் ஸ்டுடியோவில்தான் போட்டுக் காட்டினார். இயக்குநர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அவர் கண்ணைத் துடைத்ததை நான் பார்த்தேன், இதைப் படித்தால் அவருக்கும் ஞாபகம் வரும். இலோனா அப்போது சொன்னார்: "இதுக்கு மேல யாராவது இசை போட்டா, என் பேரை எடுத்திடுங்க. சண்டை போட மாட்டேன். பேரை மட்டும் எடுத்திடுங்க." இயக்குநர் தன் நெஞ்சில் கை வைத்து, "என்ன மேடம் இது, கைவப்பேனா நான்?" என்றார். அதற்குப் பிறகு கொஞ்ச நாளில் இலோனா போய்விட்டார்.

அஞ்சலிக் கூட்டத்தை அந்த இயக்குநரின் கம்பெனியே ஏற்பாடு செய்தது. பெரிய ஹால், ஏசி, மேடையில் மாலை போட்ட படம். படத்தின் பின்னணியில் சாமுண்டி மலையையும் சூரிய உதயத்தையும் கம்ப்யூட்டரில் சேர்த்திருந்தார்கள். இலோனா விடியற்காலையில் எழுந்து நான் பார்த்ததில்லை. வந்தவர்கள் பேசினார்கள். இந்திய ஆன்மிகத்தில் கரைந்தவர் என்றார் ஒருவர். சத்தத்தில் இறைவனைக் கண்டவர் என்றார் இன்னொருவர். பக்கத்தில் பழனி என் காதில், "மேடம் இருந்தா இந்நேரம் எந்திரிச்சுப் போயிருப்பாங்கக்கா" என்றார். "எந்திரிக்க நீதான் கைகொடுக்கணும்" என்றேன். இரண்டு பேரும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தோம். முன்வரிசைக்காரர்கள் திரும்பி முறைத்தார்கள்.

பிறகு இயக்குநர் மைக்கைப் பிடித்தார். "மேடத்தோட கடைசி இசை. உலகத்துல இன்னும் யாரும் கேக்கல. மொதல்ல நீங்க கேக்கணும்" என்று சொல்லி விளக்கை அணைக்கச் சொன்னார். திரையில் அந்தத் தாய், அந்தக் கூடம், சுற்றும் ஃபேன். எடுத்த எடுப்பிலேயே வயலின்கள். ஒன்றிரண்டு இல்லை, ஒரு படையே. தேன்பாகு ஊற்றுகிற மாதிரி ஊற்றியிருந்தார்கள். ஹாலில் மூக்குறிஞ்சும் சத்தம் கேட்டது. வயலின்கள் ஒரு கணம் தணிகிற இடத்தில் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டேன். அடியிலாவது எங்கள் வீடு இருக்கிறதா என்று பார்த்தேன். இல்லை. திரையில் ஃபேன் சுற்றுகிறது, ஹாலில் அதற்குச் சத்தமே இல்லை. முடிவில் கறுப்புத் திரையில் வெள்ளை எழுத்தில் 'இசை' என்று போட்டு இலோனாவின் முழுப் பெயர், குடும்பப் பெயர் முன்னால் இருக்க, கம்பீரமாக வந்து நின்றது. கை தட்டினார்கள்.

நான் எழுந்து நின்றேன். "ஃபேன் எங்கே?" என்று கேட்டேன். விளக்கைப் போட்டார்கள். இயக்குநருக்கு முதலில் புரியவில்லை. "என்ன மேடம்?" "ஃபேன் சுத்துதே, அதோட சத்தம் எங்கே?" அவர் தனக்குப் பின்னால் நின்ற ஆளைத் திரும்பிப் பார்த்தார். அந்த ஆள் நல்ல பிள்ளையாகக் கன்னடம் கலந்த தமிழில் பதில் சொன்னான்: "டிராக்ல ஒரே நாய்ஸ் இருந்துச்சு மேடம். டக்கு டக்குனு ஒரு க்ளிக் வேற. எல்லாம் க்ளீன் பண்ணிட்டோம். ஆமேல பாத்தா அதுல ஒண்ணுமே இல்ல, சும்னே காலியா இருந்துச்சு. அதான் வயலின் போட்டோம்."

அழுக்கென்று என் வீட்டைத் துடைத்திருக்கிறார்கள். துடைத்த பிறகு ஒன்றும் இல்லையே என்று வயலினை ஊற்றியிருக்கிறார்கள். ஒரு மனுஷன் போன பிறகு அவன் வீடு எப்படிக் கிடக்கும் என்பது இவர்களுக்கு நாய்ஸ். கேட்டவர்களின் ஈரக்குலை நடுங்குகிற மாதிரி நான் கத்தினேன் என்று பிறகு பழனி சொன்னார். நான் சொன்னது எனக்கு நினைவிருக்கிறது: "அது என் புருஷன் செத்த வீடு. இந்த வயலின் அந்தம்மா எழுதினது இல்ல. ஒண்ணு என் வீட்டத் திருப்பி வை. இல்லன்னா அவங்க பேர எடு. நெஞ்சுல கைவச்சு சொன்னியே, எடு."

இயக்குநர் நிதானமாகப் பேசினார், அதுதான் அருவருப்பு. "உங்க சென்டிமென்ட் புரியுது மேடம். ஆனா ஆடியன்ஸ் உக்கார மாட்டாங்க. பேரு இருக்கட்டும், வெளிநாட்டு விழாவுக்கெல்லாம் போகுது, அவங்களுக்கும் அது கௌரவம்தானே?" உயிரோடிருந்தவரிடம் வாக்குக் கொடுத்த வாய், செத்தவருக்குக் கௌரவம் கொடுக்கிறதாம். அதற்குள் தொகுத்து வழங்கிய பெண் நிலைமையைச் சமாளிக்க ஓடிவந்து, எல்லோரும் எழுந்து நின்று மௌன அஞ்சலி செலுத்துவோம் என்றாள். எல்லோரும் எழுந்தோம். எழுந்த அடுத்த நொடி ஸ்பீக்கரில் புல்லாங்குழல் ஆரம்பித்தது. மௌனத்துக்கும் பின்னணி இசை. கல்யாண மண்டபத்தில் சாப்பாட்டுக்குப் போடுவார்களே, அதே புல்லாங்குழல்.

என் தொழில் எனக்குத் தெரியும். நேராக மேடைப் பக்கம் போய் ஸ்பீக்கருக்குப் போகும் ஒயரைப் பிடுங்கினேன். யாரோ என்னை நோக்கி வந்தார். பழனி நடுவில் நின்று, "ஆரும் அசையக் கூடாதுங்க. சத்தம் வரக் கூடாதுங்க" என்றார். கொள்ளேகால் நெசவுக் கூடத்தில் சொன்ன அதே குரல். எல்லோரும் நின்றார்கள். ஏசியின் உறுமல் கேட்டது. வெளியே பஸ் ஒன்று ஹாரன் அடித்துத் திரும்பியது. யாரோ ஒருவருடைய வளையல். இயக்குநரின் சட்டைப் பையில் போன் துடிக்கிற சத்தம், அவர் எடுக்கத் துணியவில்லை. இலோனா அங்கே இருந்திருந்தால் அதை நல்ல ரூம் டோன் என்று சொல்லியிருப்பார். நிமிடம் கடந்தது. முடிந்தது என்று சொல்ல ஆளில்லை. அவரோடு வேலை செய்தவர்கள் அந்தக் கூட்டத்தில் ஆங்காங்கே இருந்தார்கள். அவர்கள் காத்துக்கொண்டிருந்ததை என்னால் பார்க்க முடிந்தது. நான் சொல்லியிருக்கவேண்டும். பிடுங்கிய ஒயரைப் பிடித்துக்கொண்டே நின்றேன். கடைசியில் பழனிதான் இரண்டு கையையும் தூக்கினார். "மூச்சு விடுங்க. எல்லாரும் மூச்சு விடுங்க" என்றார். தெரிந்தவர்கள் உடைந்து அழுதார்கள். மற்றவர்கள் ஆட்டோ டிரைவருக்குப் பைத்தியம் என்று நினைத்திருப்பார்கள்.

அந்தப் படம் வயலின்களோடுதான் வெளிவரப்போகிறது. பெயரையும் எடுக்க மாட்டார்கள், போனில் தெளிவாகச் சொல்லிவிட்டார்கள். ஆகவே இதை அச்சில் வைக்கிறேன். இலோனாவை அறிந்த நீங்கள் எந்த ஊரில் அந்தப் படத்தைப் பார்த்தாலும், பக்கத்தில் உட்கார்ந்திருப்பவரிடம் சொல்லுங்கள்: கடைசிக் காட்சியின் இசை அவர் எழுதியது இல்லை. அவர் அங்கே வைத்தது ஒரு வீடு. அதைத் துடைத்துவிட்டார்கள்.

முழுப் பதிவு என்னிடம் இருக்கிறது. வீட்டுக் கூடத்து ஃபேனையும் நான் ரிப்பேர் செய்யவில்லை, செய்ய வந்த எலக்ட்ரீஷியனைக் காபி கொடுத்துத் திருப்பி அனுப்பிவிட்டேன். இயக்குநரிடம் கொடுத்த பிரதியில் இலோனா ஓர் இடத்தை வெட்டிவிட்டுத்தான் கொடுத்தார், அது படத்துக்கு வேண்டாத இடம். என்னிடம் உள்ளதில் அது இருக்கிறது. ஃபேன் சுற்றுகிறது, குழாய் சொட்டுகிறது, மாட்டை விரட்டுகிறவர் தெருமுனை தாண்டிப் போகிறார். அதன் கடைசியில், மைக்குக்கு மிக அருகில், முழங்கால் வலியோடு தரையில் உட்கார்ந்திருக்கும் ஒருத்தியின் குரல் மெதுவாக வருகிறது: "போதும். மூச்சு விடு, ரெஜினா." எத்தனை முறை கேட்டாலும், அந்த இடம் வரும்வரை நான் மூச்சு விடுவதில்லை.